எல்ஸே துரைசானி நடிக்காத ஒன்பது வருடங்கள்

1

எல்ஸே துரைசானி இறந்து, சென்ற ஞாயிற்றுக்கிழமையோடு ஒரு வருடம் முடிந்தது. கோப்பன்ஹேகன் நகரத்தின் ஓரத்தில் இருக்கும் கல்லறைத் தோட்டத்துக்கு நானும் அவருடைய மகள் மரியானேயும் போனோம். கல்லின் மேல் பனி உறைந்து பெயரை மூடியிருந்தது. மரியானே கையுறையைக் கழற்றாமலே அதைச் சுரண்டி விட்டாள். அவளுக்கு இப்போது பதினான்கு வயது. பெரியம்மா வீட்டில், இங்கிருந்து ரயிலில் ஐந்து மணி நேரத் தூரத்தில் இருக்கிறாள். நான் தூக்கி வளர்த்த பெண்.

திரும்பி வரும்போது ட்ராம் நிற்குமிடத்தில் அவள் டேனிஷ் மொழியில் கேட்டாள்:

"பாக்கி, நான் சின்னவளாக இருக்கும்போது நாம் இரண்டு பேரும் ஒரு பாஷை பேசுவோமே, அதைக் கண்டுபிடித்தது யார்? நீயா, நானா?"

"யாரும் கண்டுபிடிக்கவில்லை. அது தமிழ்."

"அப்படியென்றால் வேறு ஆட்களும் அதைப் பேசுகிறார்களா?"

ட்ராம் வந்துவிட்டது. அவளை முன்னால் ஏற்றிவிட்டு நானும் ஏறிக்கொண்டேன்.

அந்த வேறு ஆட்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். இலங்கை மலைநாட்டில், டயகமவிலோ அக்கரப்பத்தனையிலோ ஹட்டன் கடைவீதியிலோ இருந்துகொண்டு இதைப் படிப்பவர்களில் சிலருக்கு எங்கள் தோட்டத்து வெள்ளைக்காரத் துரைசானியை ஞாபகம் இருக்கலாம். அவர் இங்கே டென்மார்க்கில் பெயர் பெற்ற நடிகை. இறந்த அன்று பத்திரிகைகள் அவருடைய வாழ்க்கையை விவரமாக எழுதின. டயகம வருடங்களுக்கு அவற்றில் கிடைத்தது ஒரே வரி: "அடுத்த ஒன்பது ஆண்டுகள் வெளிநாட்டில் இருந்தார், அந்தக் காலத்தில் நடிக்கவில்லை."

2

இலங்கை சுதந்திரம் அடைந்த அடுத்த வருடம் அவர் டயகமவுக்கு வந்தார். எங்கள் பெரிய துரை யுத்தம் முடிந்த சமயம் இங்கிலாந்துப் பட்டாளத்தோடு டென்மார்க்குக்குப் போனவர். அங்கே ஒரு விருந்தில் அவரைச் சந்தித்துக் கல்யாணம் செய்துகொண்டார். எல்ஸே அப்போது இருபத்தொன்பது வயதுப் பெண். கடற்கரை ஊர் ஒன்றில் ரொட்டி சுடுகிறவரின் மகளாகப் பிறந்து, பதினேழு வயதில் தலைநகருக்கு ஓடிவந்து நாடகக் கொட்டகையில் சேர்ந்தவர். ஜெர்மன்காரர்கள் நாட்டைப் பிடித்து வைத்திருந்த வருடங்களில் வரிசையாகச் சிரிப்புப் படங்களில் நடித்தார். அந்த நாட்களில் ஜனங்களுக்குச் சிரிக்க வேறு எதுவும் இல்லை என்பதால் தன் முகம் எல்லோருக்கும் தெரிந்து போயிற்று என்று பின்னால் என்னிடம் சொன்னார்.

அப்படிப்பட்டவர் எங்கள் மழைக்கும் மூடுபனிக்கும் வந்து சேர்ந்தார். பங்களாவிலிருந்து அடுத்த வெள்ளைக்காரர் வீட்டுக்கு ஆறு மைல். பெரிய துரை காலையில் மலைக்குப் போனால் பகல் சாப்பாட்டுக்குத்தான் வருவார்.

மரியானே பிறந்தபோது நான் ஆயாவாக வேலைக்குச் சேர்ந்தேன். எனக்குப் பதினேழு வயது. தோட்டப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்பு வரை படித்திருந்தேன். தொழிலாளிகளின் வரிசை வீடுகளான லயத்தில் இருந்த பெண்கள் வாயில் மரியானே ஒரே வாரத்தில் மாரியம்மா ஆகிவிட்டாள். பேச ஆரம்பித்ததும் குழந்தை ஒரு நாள் கூடத்தில் நின்று "மோர், மோர்" என்று கத்தினாள். நான் லயத்துக்கு ஓடிப் போய், மாடு வைத்திருந்த வீட்டில் ஒரு செம்பு மோர் வாங்கி வந்தேன். துரைசானி செம்பைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், விஷயம் விளங்கியதும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். டேனிஷ் மொழியில் மோர் என்றால் அம்மா. அவர் அப்படிச் சிரித்து அதற்கு முன்பு நான் பார்த்ததில்லை.

3

காலையில் துரை போனதும் துரைசானி பங்களாத் தோட்டத்துக் கடைசி மூலைக்குப் போவார். அதற்குக் கீழே பள்ளமாகத் தேயிலை மலை. அங்கே நின்று தன் பழைய நாடகங்களின் வசனங்களை உரக்கச் சொல்லுவார். கொட்டகையின் கடைசி வரிசைக்கு எட்டுகிற குரல் அது. கீழே கொழுந்து எடுக்கிற பெண்கள் பயந்து போனார்கள். ஒரு நாள் கங்காணி தலைப்பாகையைக் கையில் எடுத்துக்கொண்டு பங்களாவின் பின்பக்கம் வந்தார்.

"ஏம்மா பாக்கியம், தொரசானிக்கு எங்க மேல என்ன கோவம்? தெனமும் நின்னு திட்டுறாங்களே. கொழுந்து கொறஞ்சு போச்சுங்கிறாங்களா?"

அன்று மாலை லயத்தில் இதைச் சொன்னபோது அம்மா தலையை ஆட்டினாள். அம்மா அந்த மலையில்தான் கொழுந்து எடுத்தாள். "திட்டுற கொரல் எனக்குத் தெரியாதா? கங்காணி கிட்ட எத்தன வருசமா கேக்குறேன். இது யாரையோ கூப்புடுற கொரலு" என்றாள்.

நுவரெலியாவில் தோட்டத்துத் துரைமார்களும் துரைசானிகளும் சேர்ந்து வருடத்துக்கு ஒரு முறை நாடகம் போடுவார்கள். மரியானேக்கு இரண்டு வயதானபோது எல்ஸே துரைசானியையும் கூப்பிட்டார்கள். அவருக்குக் கால் தரையில் பாவவில்லை. ஆனால் அவருடைய இங்கிலீஷ் பேச்சில் டேனிஷ் வாடை இருக்கிறதென்று, வெளிநாட்டு வேலைக்காரியாகத் தட்டு எடுத்து வரும் வேஷத்தைக் கொடுத்தார்கள். வசனம் நான்கே வரி. நான் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு சுவர் ஓரமாக உட்கார்ந்திருந்தேன். அவர் வாயைத் திறந்ததுமே சபை சிரித்தது. சிரிக்கிற இடமல்ல அது. மூன்றாவது வரியில் அவர் குரலைத் தணித்துக்கொண்டார். நான்காவது வரி எனக்கே கேட்கவில்லை.

மறுநாளிலிருந்து அவர் தோட்டத்து மூலைக்குப் போகவில்லை. இரண்டு வாரம் கழித்துக் கங்காணியே கேட்டார்: "தொரசானிக்கு ஒடம்புக்கு முடியலையா? சத்தத்தைக் காணோமே."

4

அடுத்து ஓர் ஆண் குழந்தை பிறந்தது. நான்காவது மாதம் காய்ச்சல் கண்டது. ஆடி மாதத்து அடைமழை. நுவரெலியா போகும் பாதையில் மண் சரிந்து கிடந்தது. துரை மோட்டாரைத் திருப்பிக்கொண்டு வந்தார். மறுநாள் காலையில் குழந்தை போய்விட்டது.

துரைசானி அழவில்லை. நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தபடி ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். துரை பாதிரியாருக்குச் சொல்லி அனுப்பிவிட்டு, பெட்டி செய்யத் தச்சரைக் கூப்பிட்டார். பங்களாவில் ஒரு சத்தமும் இல்லை. குழந்தை செத்த வீடு அப்படி இருந்து நான் கண்டதில்லை. எனக்கு அது பயமாக இருந்தது.

காலைப் பெரட்டில் வேலைக்குப் பெயர் கொடுக்கப் போன பெண்களுக்குச் செய்தி எட்டியிருக்கிறது. அம்மாவும் இன்னும் பத்துப் பன்னிரண்டு பேரும் கொழுந்துக் கூடையை அப்படியே வைத்துவிட்டுப் பங்களாவின் பின்பக்கம் வந்தார்கள். ஈரத் தரையில் வட்டமாக உட்கார்ந்து, ஒருத்தி தோளில் ஒருத்தி கை போட்டுக்கொண்டு ஒப்பாரியைத் தொடங்கினார்கள். அம்மாதான் முதல் குரல். மாரியம்மாவின் தம்பி என்று பிள்ளையை அழைத்து அழுதாள்.

துரை வெளியே வந்தார். முகம் சிவந்திருந்தது. "போகச் சொல். இது அவளுக்குத் தாங்காது" என்று என்னிடம் சொன்னார். நல்ல எண்ணத்தோடுதான் சொன்னார் என்று இன்றைக்குத் தோன்றுகிறது. நான் வாயைத் திறக்குமுன் துரைசானி அவரைத் தாண்டிப் போனார். காலில் செருப்பு இல்லை. வட்டத்தருகே போய் நின்றார். அம்மா பாட்டை நிறுத்தாமலே நகர்ந்து இடம் விட்டாள். துரைசானி உட்கார்ந்தார். அம்மா அவர் தோளில் கையைப் போட்டு இழுத்துக்கொண்டாள். வட்டம் முன்னும் பின்னும் அசைந்தது, அவரும் அசைந்தார். கொஞ்ச நேரத்தில் அவரிடமிருந்து ஒரு சத்தம் வந்தது. தோட்டத்து மூலையில் நின்று அவர் எழுப்பிய எந்தச் சத்தத்தைப் போலவும் அது இல்லை.

அன்றைக்கு அந்தப் பெண்களுக்கு அரைப்பெயர் போட்டுச் சம்பளத்தைக் குறைக்க வேண்டாம் என்று துரை சொல்லிவிட்டார். ஆனால் அவருக்கும் துரைசானிக்கும் நடுவில் அதன் பிறகு பேச்சு குறைந்துகொண்டே போயிற்று. மூன்று வருடம் அப்படிப் போனது. நான்காவது வருடம் துரைசானி மகளைக் கூட்டிக்கொண்டு தன் ஊருக்கே போய்விடுவது என்று முடிவாயிற்று.

5

மரியானே நான் பக்கத்தில் இல்லாமல் தூங்கமாட்டாள். "ரெண்டே வருசம், பாக்கியம். அவ பள்ளிக்கூடத்துக்குப் பழகுற வரைக்கும்" என்று துரைசானி லயத்துத் தமிழிலேயே கேட்டார். பேச்சை அவர் கற்றுக்கொண்டது எங்களிடம்தான்.

கொழும்பில் ஓர் அலுவலகத்தில் என் பயணப் பத்திரத்துக்காக மூன்று நாள் காத்திருந்தோம். உத்தியோகத்தர் சிங்களத்தில் கேட்டார், நீ எந்த நாட்டுப் பிரஜை என்று. டயகம என்றேன். பக்கத்து மேசைக்காரர் சிரித்தார். எங்கள் ஆட்களுக்குப் பிரஜாவுரிமை கிடையாது என்று சட்டம் வந்து பல வருடங்கள் ஆகியிருந்தன. அப்பா இங்கே பிறந்ததற்குப் பத்திரம் கேட்டார்கள். அப்பாவே இல்லை, பத்திரத்துக்கு எங்கே போவது? எங்கள் குடும்பத்து மனுவை முன்பே தள்ளிவிட்டிருந்தார்கள். இந்தியாவிலும் எங்களுக்குப் பதிவு இல்லை.

கடைசியில் ஒரு தாள் கொடுத்தார்கள். கொடுத்தவர் நல்ல மனிதர். குரலைத் தணித்துக்கொண்டு சொன்னார்: "தங்கச்சி, இது போவதற்கு மட்டும். இதைக் காட்டித் திரும்பி உள்ளே வர முடியாது. யோசித்துக்கொள்."

நான் யோசிக்கவில்லை. எனக்கு இருபத்துநான்கு வயது. கப்பல் என்றார்கள், பனி என்றார்கள். லயத்துக்குப் போய் அம்மாவிடம் "ரெண்டு வருசத்துல வந்துருவேன்" என்றேன்.

"தாள்ல அப்புடித்தான் எழுதிருக்கா?" என்று அம்மா கேட்டாள். அவளுக்கு வாசிக்கத் தெரியாது.

"ஆமாம்மா" என்றேன்.

அண்ணனுக்கு வாசிக்கத் தெரியும். அவன் கண்ணில் படாமல் தாளைப் பெட்டியின் அடியில் வைத்தேன்.

6

இங்கே கோப்பன்ஹேகனில் யாரும் துரைசானிக்காகக் காத்திருக்கவில்லை. கொட்டகை முதலாளிகள் காப்பி கொடுத்து உபசரித்தார்கள். ஒன்பது வருடம் என்ன செய்தீர்கள் என்று கேட்டார்கள். சொல்லி அனுப்புகிறோம் என்றார்கள். தெருவில் அவரை அடையாளம் கண்டுகொண்டவர்கள் வயதானவர்களாக இருந்தார்கள். வானொலியில் குரல் கொடுத்தார். ஒரு படத்தில் கதாநாயகியின் தாயாகக் கதவைத் திறந்துவிட்டார். எனக்கு ஒரு நாடகக் கொட்டகையில் நடிகைகளுக்கு உடுப்பு மாட்டிவிடுகிற வேலையைப் பிடித்துக் கொடுத்தார். இன்றும் அதுதான் என் வேலை. காலை ஒன்பது மணிக்குப் போய் இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்குகிறேன், பொத்தான் தைக்கிறேன், ஐந்து மணிக்கு நடிகைகள் வந்ததும் முதுகுப்பக்கக் கொக்கிகளை மாட்டுகிறேன். பேசாமல் செய்யக்கூடிய வேலை.

வருடம் ஒரு தடவை வெளிநாட்டாரைப் பதிகிற அலுவலகத்துக்குப் போக வேண்டும். முதல் வருடம் அங்கிருந்த பெண், நாடு என்ற இடத்தில் 'ஸ்டாட்ஸ்லோஸ்' என்று எழுதினார். எனக்கு ஒரு நாட்டை ஒதுக்கிவிட்டார்கள் என்று நினைத்தேன். பல மாதங்கள் கழித்துத்தான் துரைசானி சொன்னார், நாடு இல்லாதவள் என்று அதற்கு அர்த்தம்.

மரியானே முதல் குளிர்காலத்தில் ட்ராமில் என் மடியில் உட்கார்ந்துகொண்டு, "பாக்கியம், அந்த மாமா மூக்கு ஏன் செவந்துருக்கு?" என்று சத்தமாகக் கேட்பாள். அடுத்த வருடம் நான் தமிழில் கேட்டால் டேனிஷில் பதில் சொன்னாள். ஒன்பது வயதில், பள்ளிக்கூட வாசலில் தன்னோடு பேச வேண்டாம் என்றாள். நான் கொஞ்சம் தள்ளி நின்று கூட்டிவரப் பழகிக்கொண்டேன்.

நாங்கள் வந்து மூன்று வருடம் கழித்து, வேறு ஒரு நடிகைக்கு உடம்பு சரியில்லாமல் போகவே, துரைசானிக்கு ஒரு பெரிய வேஷம் கிடைத்தது. பிள்ளையைக் கடலுக்குக் கொடுத்த மீன்காரி. எங்கள் கொட்டகையில்தான் நாடகம். அவருக்கு உடுப்பு மாட்டுவதும் நான்தான். ஒத்திகை முழுவதும், பிள்ளை போன செய்தி வந்ததும் அவர் மேசையைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்பார். இயக்குநர் அப்படித்தான் கேட்டிருந்தார். முதல் ஆட்டத்தன்று நான் திரைக்குப் பக்கத்தில் சால்வையோடு காத்திருந்தேன். செய்தி வந்தது. அவர் மேசையை விட்டு நகர்ந்தார். செருப்பைக் கழற்றினார். மேடை நடுவில் தரையில் உட்கார்ந்து, இரண்டு பக்கமும் இல்லாத ஆட்களின் தோளில் கை போட்டுக்கொண்டு, முன்னும் பின்னும் அசையத் தொடங்கினார்.

சபையில் யாரும் இருமக்கூட இல்லை. பிறகு அவரிடமிருந்து அந்தச் சத்தம் வந்தது.

எனக்கு வந்தது பெருமையா கோபமா என்று பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. உடுப்பு அறையில் அவர் வந்து உட்கார்ந்ததும் கொக்கிகளைக் கழற்றவில்லை. தமிழில் சொன்னேன்: "அது எங்கம்மா அழுத அழுக."

அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்தார். முகத்தில் மை வழிந்திருந்தது.

"ஆமா."

"கேட்டுக்கிட்டா எடுத்தீங்க?"

வெளியே பூச்செண்டுகளோடு ஆட்கள் கதவைத் தட்டினார்கள். அவர் திறக்கச் சொல்லவில்லை.

"எனக்கு வேற அழுக தெரியாது, பாக்கியம்" என்றார். "செத்தது எம் புள்ள. உங்கம்மா எடம் விட்டாங்க. நான் அப்ப ஒக்காந்தவ, இன்னும் எந்திரிக்கல."

கொக்கிகளைக் கழற்றினேன். மறுநாள் பத்திரிகைகள் புது விதமான நடிப்பு என்று எழுதின. எங்கே கற்றீர்கள் என்று கேட்டவரிடம், டயகம என்ற இடத்தில், தேயிலைத் தொழிலாளிப் பெண்களிடம், என்று அவர் சொன்னார். அந்தப் பேட்டியை நான் படித்தேன். இலங்கையில் ஒரு நாடகப் பள்ளியில் பயின்றவர் என்று போட்டிருந்தார்கள்.

அதன் பிறகு அவருக்கு ஓய்வில்லை. இரண்டு படங்கள், நான்கு நாடகங்கள். மறுபடி தெருவில் இளம் வயதுக்காரர்களும் திரும்பிப் பார்த்தார்கள்.

7

அம்மா இறந்த செய்தி ஆறு வாரம் கழித்து அண்ணனின் கடிதத்தில் வந்தது. மலையில் வழுக்கி விழுந்து படுத்தவள் எழுந்திருக்கவில்லையாம். "கடைசி வர நீ எப்ப வருவேன்னு கேட்டுக்கிட்டே இருந்துச்சு. தாள்ல ரெண்டு வருசம்னு எழுதிருக்கே, ஏன் இன்னும் விடமாட்றாங்கன்னு கேட்டுச்சு" என்று எழுதியிருந்தான்.

கடிதத்தைச் சமையலறையில் நின்றபடி வாசித்தேன். அடுப்பில் உருளைக்கிழங்கு வெந்துகொண்டிருந்தது. தனியாக ஒருத்தி எப்படி ஒப்பாரி வைப்பாள் என்று எனக்குத் தெரியவில்லை. கை போட ஒரு தோள் வேண்டும். ஒத்திகைக்குப் புறப்பட்ட துரைசானி என் முகத்தைப் பார்த்துக் கடிதத்தை வாங்கினார். தமிழ் எழுத்து அவருக்கு வாசிக்க வராது. "அம்மாவா?" என்று மட்டும் கேட்டார். கோட்டைக் கழற்றிப் போட்டுவிட்டுத் தரையில் உட்கார்ந்தார். உட்கார்ந்து, நகர்ந்து, இடம் விட்டார்.

அன்று அவர் ஒத்திகைக்குப் போகவில்லை. தாளைப் பற்றி நான் அம்மாவிடம் சொன்ன பொய்யை அன்றைக்குத்தான் அவரிடம் சொன்னேன். அவர், "ரெண்டு வருசம்னு மொதல்ல சொன்னது நான்தானே" என்றார்.

அந்த மாதமே என்னைக் கூட்டிக்கொண்டு அலுவலகம் அலுவலகமாக ஏறினார். நடிகை என்று எழுந்து நின்று வரவேற்றார்கள். ஆனால் இலங்கைக்குள் போக இலங்கை சம்மதிக்க வேண்டும் என்றார்கள். எழுதினோம். பதில் வரவேயில்லை.

பிறகு அவருக்கு நுரையீரலில் நோய் கண்டது. கடைசி வாரத்தில் டேனிஷும் தமிழும் கலந்து பேசினார். ஆஸ்பத்திரித் தாதிமார் காய்ச்சல் பிதற்றல் என்று நினைத்தார்கள். அவர் தெளிவாகத்தான் பேசினார்: "பாக்கியம், மழ விட்டுருச்சா?" விட்டுவிட்டது என்றேன். இங்கே மழை பெய்யவேயில்லை, பனிதான்.

8

இப்போது தெரு மூலையில் ஒரே அறையில் இருக்கிறேன். தமிழில் ஒரு வார்த்தையை வாய்விட்டுப் பேசிப் பதில் கேட்டு ஒரு வருடம் ஆகிறது. அண்ணன் ஹட்டனிலிருந்து வாங்கி அனுப்பும் பழைய பத்திரிகைகளை, விளம்பரம் உட்பட, இரண்டு முறை படிக்கிறேன்.

இந்த வாரம் அவனிடமிருந்து கடிதம் வந்தது. இரண்டு நாட்டுப் பிரதமர்களும் கையெழுத்துப் போட்டுவிட்டார்களாம். எங்கள் ஆட்களில் இத்தனை பேர் இந்தியாவுக்கு, இத்தனை பேர் இலங்கைக்கு என்று பிரித்திருக்கிறார்களாம். லயம் முழுவதும் அதே பேச்சு. "நெரப்பிக் குடுக்க பாரம் வரப்போகுதாம். குடும்பத்துல யார் யாருன்னு எழுதணுமாம். அண்ணி இந்தியா வேணாங்கிறா. எனக்கு ஒண்ணும் புரியல. நாங்க பாக்காத ஊரு அது. இங்கயும் எத்தன நாளைக்கு வச்சிருப்பாங்கன்னு தெரியல. ஒன் பேரையும் சேத்துப் போடவா, வேணாமா? நீ அந்த நாட்டு ஆளாயிட்டேன்னா போட வேணாம்னு கணக்கப்பிள்ளை சொல்றாரு."

நான் இந்த நாட்டு ஆளாகவில்லை. இன்னும் சில வருடம் இருந்தால் மனுப் போடலாம் என்கிறார்கள். போட்டால் கிடைக்கவும் கிடைக்கும். மூன்று நாள் யோசித்தேன். உடுப்பு அறையில் இஸ்திரி போட்டுக்கொண்டே யோசித்தேன். கொழும்பில் யோசிக்காமல் விட்டதையும் சேர்த்து யோசித்தேன். என் பெயர் அந்தப் பாரத்தில் இருந்தாலும் என்னை யாரும் கப்பலில் ஏற்றி அழைத்துப் போகப் போவதில்லை. அது தெரியும்.

இன்று வேலைக்குப் போகும் வழியில் பதிலைத் தபாலில் சேர்த்தேன். முதலில், தாளில் என்ன எழுதியிருந்தது என்பதை மறைக்காமல் எழுதினேன். பிறகு இப்படி எழுதினேன்:

"அண்ணே, என் பேரையும் போடு. அண்ணி பேருக்குக் கீழ, புள்ளைங்க பேருக்கு மேல போடு. எந்த நாடுன்னு கேக்குற எடத்துல நீங்க என்ன எழுதுறீங்களோ, எனக்கும் அதையே எழுதிரு."

வயதைக் குறிப்பிட மறந்துவிட்டேன் என்பது தபால் பெட்டியை விட்டுப் பத்தடி நடந்த பிறகுதான் உறைத்தது. நின்று திரும்பிப் பார்த்தேன். பரவாயில்லை; என் வயது அண்ணனுக்குத் தெரியும்.